கதவுக்குப் பின்னாலிருந்து ஒன்றரை நிமிடம்

ஜூன் 4

தம்பிக்கு,

ஒன்பது முறை போன் செய்தேன், நீ எடுக்கவில்லை. எடிட்டர் கூப்பிட்டால் மட்டும் எடுத்து, "அக்காவைக் கடிதம் எழுதச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு வைத்தாயாம். சரி, எழுதுகிறேன்.

பதினேழாம் நாள் ஒலிப்பதிவு எங்கே?

இன்று காலை எடிட்டர் அந்த நாளின் ஃபோல்டரைத் திறந்தார். படம் இருக்கிறது, சத்தம் இல்லை. பேக்கப் டிஸ்க்கைச் செருகினோம். அதில் பதினாறு இருக்கிறது, பதினெட்டு இருக்கிறது, நடுவில் ஓட்டை. டிஸ்க் கெட்டுவிட்டது என்று நினைத்து அந்த மனுஷர் மேசைக்கு அடியில் படுத்துக்கொண்டு ஒயரையெல்லாம் பிடுங்கிப் பிடுங்கி மாட்டினார். எனக்கு அந்தச் சந்தேகமே வரவில்லை. பதினேழாம் நாள் ஒத்திகை முடிந்ததும் உன் முகத்தைப் பார்த்தவள் நான்.

இது என் பதினைந்தாவது படம். சிற்பியைப் பற்றி, கவிஞரைப் பற்றி, நடனக்காரியைப் பற்றி, ஓவியரைப் பற்றி எத்தனையோ எடுத்தாயிற்று. எல்லாவற்றிலும் அவர்கள் எனக்குக் காட்ட விரும்பியதைத்தான் காட்டினார்கள். எழுபத்திரண்டு வயதிலும் ராணி வேஷத்தில் மேடையேறுகிற இந்த மகாராணியும் பதினாறு நாள் அதைத்தான் செய்தாள். பதினேழாம் நாள்தான் அந்த ஒன்றரை நிமிடம் கிடைத்தது. படத்தில் ஒன்றுமே இல்லை. மூடிய கதவு, அடியில் ஒரு கீற்று வெளிச்சம். உள்ளேயிருந்து அவள் குரல். இருபத்திரண்டு வருடத்தில் இப்படி ஒரு ஷாட் எனக்கு அமைந்ததில்லை.

நீ என் படங்களுக்குக் காது, அவ்வளவுதான். அதைப் பையில் போட்டுக்கொண்டு போக நீ யார்? செப்டம்பரில் திரையிடல். திங்கட்கிழமைக்குள் அது எடிட்டர் மேசையில் இருக்க வேண்டும்.

அக்கா


ஜூன் 11

அக்கா,

ஆமா, நான்தான் எடுத்தேன். அழிக்கல, பத்திரமா இருக்கு. எடிட்டர் சாரை மேசைக்கு அடியிலேர்ந்து எழுந்து வரச் சொல்லு.

போனை ஏன் எடுக்கலன்னா, உன் குரல் கேட்டா நான் கடைசியில சரின்னுதான் சொல்லுவேன். எனக்கு அது தெரியும், உனக்கும் தெரியும். தாள்ல எழுதினா நீ சொல்றதை நாலு தடவை படிச்சிட்டு மாட்டேன்னு சொல்ல முடியுது. ஆனா படத்துக்கு கமென்டரி எழுதற மாதிரி எனக்கு எழுதாதே. "ஒரு கீற்று வெளிச்சம்." அது டியூப் லைட், அக்கா.

அன்னைக்கு நடந்ததை நீ எப்படி ஞாபகம் வெச்சிருக்கேன்னு தெரியல. நான் சொல்றேன். ஒத்திகை முடிஞ்சு அவங்க வேஷம் கலைக்கிற அறைக்குள்ள போனாங்க. நாடகத்துல தோழியா வர்றவளும் கூடப் போனா. கதவைச் சாத்திக்கிட்டாங்க. காலர் மைக் அவங்க மேலயே இருந்தது. கழட்டறதுக்கு நான் எழுந்தேன். நீ கையை அமர்த்திக் காட்டினே, நான் உட்கார்ந்துட்டேன். நீ கை காட்டினா உட்கார்ந்தே பழகின உடம்பு.

அப்புறம் உள்ளேயிருந்து வந்தது உனக்கும் கேட்டுச்சு, எனக்கும் கேட்டுச்சு. "மூணாவது காட்சியில விசிறியை ஏன்டி இறக்கினே? உன் வாய் அசையாம ஒரு வரி வரல எனக்கு. வெறும் வேஷமா நின்னேன். பயமா இருக்குடி." அப்புறம் அழுதாங்க.

அந்த நாடகக் கம்பெனி போஸ்டர்ல என்ன போட்டிருக்குன்னு நீயே ஷாட் எடுத்திருக்கே. "ஐம்பது ஆண்டுகளில் ஒரு வரி தவறாதவர்." பக்கத்துல விசிறியோட நிக்கிற தோழிதான் வாயை மறைச்சுக்கிட்டு ஒவ்வொரு வரியா எடுத்துக் கொடுக்கறான்னு வெளிய தெரிஞ்சா, ஒப்பந்தமான நூறு காட்சியும் அன்னைக்கே ரத்து. அவங்களுக்கு இருக்கிறது இந்த மேடை ஒண்ணுதான்.

மைக் தன் மேல இருக்குன்னே அவங்களுக்குத் தெரியாது. அதனால தரமாட்டேன்.

காது


ஜூன் 14

தம்பிக்கு,

படப்பிடிப்பு நாட்களில் பதிவாகும் எதையும் பயன்படுத்தலாம் என்று அவள் கையெழுத்துப் போட்டிருக்கிறாள். கண்ணாடி போட்டுக்கொண்டு இரண்டு முறை படித்துவிட்டுத்தான் போட்டாள். "எதையும்" என்ற சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று நான் உனக்கு வகுப்பெடுக்க வேண்டுமா?

இன்னொன்று கேட்கிறேன். கவிஞர் படத்தில், அவர் குடித்துவிட்டுக் குளியலறையில் இருமிய இருமலைப் பதிவு செய்தது யார்? நான் கீழே வாசலில் நின்றுகொண்டிருந்தேன். நீயாகப் படியேறிப் போய்க் கதவருகே மைக்கை நீட்டினாய். அந்த இருமலுக்கு உனக்கு விருது கிடைத்தது. கோட்டு வாடகைக்கு எடுத்துப் போட்டுக்கொண்டு மேடையில் போய் வாங்கினாய். அன்றைக்கு உன் மனசாட்சி எங்கே, சாப்பிடப் போயிருந்ததா?

எல்லாரும் நம் படத்தை ஏன் பார்க்கிறார்கள்? கலைஞனின் சால்வையைப் பார்க்கவா? சால்வைக்குள் நடுங்குகிற தோளைப் பார்க்கத்தான். அதைக் காட்டாத படத்தை அவளுடைய கம்பெனிக்காரரே எடுத்துக்கொள்ளலாம், நான் எதற்கு?

கடைசியாக ஒன்று. சத்தம் இல்லாவிட்டால் நான் முடங்கிப்போய்விடுவேன் என்று நினைக்காதே. மூடிய கதவு என்னிடம் இருக்கிறது. அவள் சொன்ன ஒவ்வொரு சொல்லும் எனக்கு மனப்பாடம். கதவின் மேல் எழுத்தாக ஓடவிடுவேன். சத்தமில்லாமல் படிக்கும்போது இன்னும் பயங்கரமாக இருக்கும் என்கிறார் எடிட்டர்.

நீயே யோசித்துக்கொள்.

அக்கா


ஜூன் 20

அக்கா,

கவிஞர் விஷயத்துல நீ சொன்னது சரி. படியேறிப் போனது நான்தான். அந்தக் கோட்டு எனக்குத் தோள்ல இறுக்கிப் பிடிச்சுது. இப்போ நினைச்சாலும் பிடிக்குது.

ஆனா நான் ஏன் இந்தப் பதிவைத் தரமாட்டேங்கறேன்னு உனக்குத் தெரியாதா, தெரியாத மாதிரி இருக்கியா?

நம்ம முதல் படம் அப்பாவைப் பத்தினது. தொண்டையில ஆபரேஷன் ஆகி ஏழு மாசம். நாடக மேடையில மைக் இல்லாமலே கடைசி வரிசை வரைக்கும் பாடின மனுஷன், தண்ணி வேணும்னாக்கூடக் குரலே இல்லாம வெறும் காத்தாத்தான் கேட்பார். முன் அறையில ஜன்னலோரமா நாற்காலியைப் போட்டு அவரை உட்கார வெச்சே. நான் கம்பை நீட்டி மைக்கைப் பிடிச்சுக்கிட்டு நின்னேன், எனக்குப் பத்தொன்பது வயசு. "அப்பா, ஒரே ஒரு வரி"ன்னே. அவர் பாடப் பார்த்தார். வந்தது பாட்டு இல்ல, ஏதோ மரத்தை அறுக்கற மாதிரி. நாலு தடவை பார்த்தார். நாலாவது தடவை வெறும் வாய் மட்டும் அசைஞ்சுது. உனக்கு அது படமா தெரிஞ்சுது. எனக்கு அது ரெண்டு காதுக்குள்ளயும் நடந்துச்சு.

இது வரைக்கும் உனக்குத் தெரியும். தெரியாததைச் சொல்றேன். மறுநாள் அவர் என் அறைக்கு வந்தார். "அதை அழிச்சிடலாமா"ன்னு கேட்டார். டேப் என் பையிலதான் இருந்தது, நாலு நாள் இருந்தது. நான், "அக்காகிட்ட கொடுத்துட்டேம்ப்பா"ன்னு பொய் சொன்னேன். உனக்குப் பயந்து.

அப்புறம் படம் ஓடுச்சு, அரங்கமே எழுந்து நின்னு கைதட்டுச்சு. அன்னையிலேர்ந்து அவர் காத்தாக்கூடப் பேசல. எல்லாத்தையும் எழுதித்தான் காட்டினார். நீ அவார்டு வாங்கிட்டு அங்கேயிருந்து போன் பண்ணினியே, ஞாபகம் இருக்கா? லைன் கட்டாயிடுச்சுன்னு நினைச்சு வெச்சிட்டே. லைன் கட்டாகல. ரிசீவர் அப்பா காதுலதான் இருந்தது. நீ "ஹலோ, ஹலோ"ன்னு கத்தினதை முழுசாக் கேட்டுட்டுத்தான் வெச்சார்.

எழுத்தா ஓடவிடப் போறேன்னு எழுதியிருக்கே. விடு. என் பேரை எடுத்துட்டு விடு.

காது


ஜூன் 25

டேய்,

இருபத்திரண்டு வருஷம்! இருபத்திரண்டு வருஷமா இதை வாய்க்குள்ள அடக்கி வெச்சுக்கிட்டு என் பக்கத்துல உட்கார்ந்து வேலை பார்த்திருக்கே. என் கூடச் சாப்பிட்டிருக்கே, என் கார்ல தூங்கியிருக்கே, அப்பா காரியத்தன்னைக்கு என் தோள்ல சாஞ்சு அழுதிருக்கே. அப்போ எல்லாம் சொல்லத் தோணல. எங்க வெச்சா எனக்கு அதிகமா வலிக்கும்னு பார்த்து, இப்போ எடுத்து வெக்கறே. நான் மட்டும்தான் எடிட் பண்றவள்னு நினைச்சேன். நீ என்னைவிடப் பெரிய எடிட்டர்டா.

இப்போ நான் சொல்றேன், கேட்டுக்கோ. அந்த நாற்காலியை ஜன்னலோரம் போடச் சொன்னது அப்பா. முந்தின நாள் என் கையைப் பிடிச்சுக்கிட்டு, "கேமரா முன்னால உட்கார்ந்தா குரல் வந்துடும்னு தோணுதும்மா. சும்மா இருந்தாத்தான் வரமாட்டேங்குது. ஆளுங்க பார்த்தா வந்துடும்"னார். நீ அப்போ பேட்டரி வாங்கக் கடைக்குப் போயிருந்தே. நான் மாட்டேன்னேன். அவர் விடல. "ஒரு வரின்னு நீயே கேளு, நான் கேட்டு வாங்கின மாதிரி இருக்கக் கூடாது"ன்னார். கேட்டேன். இதை அம்மாகிட்டகூட நான் சொன்னதில்ல, ஏன்னா அவர் ஆசைப்பட்டுத் தோத்ததா இருக்க வேண்டாம், நான் கட்டாயப்படுத்தினதாவே இருக்கட்டும்னு.

அதை ஏன் படத்துல வெச்சேன்னு கேட்டா, நல்லா இருந்தது, வெச்சேன். போன் விஷயம் எனக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தா என்ன பண்ணியிருப்பேன்னும் தெரியாது.

ஆனா நீ உத்தமன் மாதிரி பேசாதே. அந்தம்மாவுக்காக இவ்வளவு உருகறியே, நேராப் போய் அவங்ககிட்டச் சொல்லேன்: "கதவுக்கு வெளிய உட்கார்ந்து நீங்க அழுததைக் கேட்டேன், இப்போ அது என் வீட்டு அலமாரியில இருக்கு"ன்னு. தைரியம் இருக்கா? இல்ல, என்கிட்ட மட்டும்தான் வீரமா?

அக்கா


ஜூலை 2

அக்கா,

போனேன்.

அப்பா பத்தி நீ எழுதினதுக்கு இப்போ பதில் எழுத முடியல. நீ சொல்றதை நம்பறேன். நம்பறதால கோபம் குறையும்னு பார்த்தேன், குறையல.

மகாராணி வீடு மூணாவது மாடி. லிப்ட் ஓடல. கதவைத் திறந்தவங்க, "ஷூட்டிங் முடிஞ்சுதே, என்ன மறந்து வெச்சுட்டுப் போனே?"ன்னாங்க. நான் ரெக்கார்டரை மேசை மேல வெச்சேன், ஹெட்போனைக் கொடுத்தேன். நம்ம கடிதச் சண்டையையும் சேர்த்து விஷயத்தைச் சொல்லிட்டுத்தான் கொடுத்தேன். வாங்கி மாட்டிக்கிட்டாங்க. கேட்கறப்ப முகத்துல ஒண்ணுமே இல்ல. நம்ம கேமரா முன்னால எவ்வளவு முகம் காட்டினாங்க, நினைச்சுப் பாரு. எதிர்ல நான் ஒருத்தன்தான், அதனால ஒண்ணும் காட்டல.

கழட்டிட்டு, "எத்தனை தடவை கேட்டே?"ன்னாங்க.

"ஏழு."

"எதுக்கு?"

யாரும் கேட்கக் கூடாதுன்னுதான் எடுத்துட்டு வந்தேன். அப்புறம் ஏன் ஏழு தடவை கேட்டேன்?

அதுக்கப்புறம் வாங்கிக் கட்டிக்கிட்டேன். "ஒருத்தி அதை ஊருக்குப் போட்டுக் காட்டணும்ங்கறா. ஒருத்தன் பூட்டி வெச்சுக் காப்பாத்தணும்ங்கறான். ஒரு மாசமா நீங்க ரெண்டு பேரும் என்னைப் பத்தி மாத்தி மாத்திக் கடிதம் எழுதிக்கிட்டிருக்கீங்க. எனக்கு ஒரு வரி எழுதணும்னு யாருக்காவது தோணிச்சா? நான் செத்துட்டேன்னு நினைச்சீங்களா?"ன்னாங்க. சமையலறையிலேர்ந்து, அவங்க கூடவே குடியிருக்கிற தோழி எட்டிப் பார்த்தா. "நீ உள்ள போ"ன்னு அவளுக்கும் ஒரு அதட்டல்.

ரெக்கார்டரை அங்கேயே வெச்சிட்டு வந்துட்டேன். வியாழக்கிழமை எடுத்துக்கிட்டு நேரா உன் எடிட்டிங் ரூமுக்கு வர்றாங்களாம். கேட்காம கொள்ளாம அட்ரஸ் கொடுத்துட்டேன். சமாளிச்சுக்கோ.

காது


ஜூலை 10

தம்பி,

வந்தாங்க. எடிட்டர் தன் நாற்காலியைக் கொடுத்துட்டுச் சுவரோரமா நின்னுட்டார். ரெண்டு மணி நேரப் படத்தையும் முழுசாப் பார்த்தாங்க. பாராட்டிப் பேசறவங்க வர்ற இடத்துலெல்லாம், "இந்தப் பொய்யனை வெட்டு"ன்னாங்க. மூடின கதவு வந்தப்ப அவங்களே ரெக்கார்டரைக் கொடுத்து, "சேர்த்துப் போடு"ன்னாங்க. எடிட்டர் சேர்த்துப் போட்டார்.

தம்பி, உன்கிட்ட மறைக்க மாட்டேன். அற்புதமா இருந்தது. அவங்க பக்கத்துல இருக்கறப்பவும் எனக்கு அப்படித்தான் தோணிச்சு. அவங்களுக்கும் அது தெரிஞ்சுது. "நல்லா இருக்கு, இல்ல?"ன்னாங்க. நான் ஆமான்னேன்.

"கதவைத் திற"ன்னாங்க.

புரியலன்னேன்.

"இதையே நான் உன் கேமராவைப் பார்த்துச் சொல்றேன். எடு."

"அது இது மாதிரி வராதும்மா. கேமரா இருக்குன்னு தெரிஞ்சு சொன்னா நடிப்பாயிடும்"னேன்.

எழுந்துட்டாங்க. "அம்பது வருஷமா ஆளுங்க பார்க்கறாங்கன்னு தெரிஞ்சுதான் எல்லாத்தையும் சொன்னேன். அதெல்லாம் பொய்யா? ஒளிஞ்சு கேட்டாத்தான் உனக்கு உண்மையா?"

பதினைந்து படம் எடுத்தவ நான். என்னை யாரும் இப்படிக் கேட்டதில்ல. எடிட்டர் எங்கேயோ பார்த்துக்கிட்டு நின்னார். என் காது மடல் சுட்டுச்சு. கோபம்தான் வந்துச்சு, வெட்கம் அப்புறம் வந்துச்சு.

கம்பெனிக்காரர்கிட்ட முதல்ல தானே போய்ச் சொல்லிடறேன்னாங்க. பதினெட்டாம் தேதி காலையில மேடையிலயே எடுக்கணுமாம். ஒரு நிபந்தனை: மைக்கை நீதான் மாட்டணும். "அந்தக் காதுக்காரன் வரல, நான் வாயைத் திறக்க மாட்டேன்"ங்கறாங்க.

எனக்காக வரவேண்டாம். வா.

அக்கா


ஜூலை 19

அக்கா,

நேத்து நாம ரெண்டு பேரும் பேசினது மொத்தம் நாலு வார்த்தை. "ரெடியா?" "ரெடி." "ரோலிங்." "கட்." அதுவே நல்லதா இருந்தது.

உன் ஹெட்போன் கழுத்துல கிடந்தது, நான் பார்த்தேன். அதனால உனக்குக் கேட்காததைச் சொல்றேன்.

மைக் மாட்டறப்ப அவங்க உதடு அசைஞ்சுக்கிட்டே இருந்தது. என்ன சொல்லணும்னு காலையிலேர்ந்து தோழியோட உட்கார்ந்து மனப்பாடம் பண்ணியிருக்காங்க. நீ ரோலிங் சொன்னதும் முதல் ரெண்டு வரி மணி மாதிரி வந்துச்சு. அப்புறம் நின்னுடுச்சு. பதினாலு செகண்ட். வேணும்னு நிறுத்தறாங்கன்னு நீ நினைச்சிருப்பே. இல்லக்கா. காலர் மைக்குல நெஞ்சு அடிக்கறது கேட்டுச்சு, துணிக்கு அடியிலேர்ந்து. பக்கவாட்டுல திரும்பி, "நான் என்ன சொல்ல வந்தேன்?"னு கேட்டாங்க. தோழி திரைக்குப் பின்னாலேர்ந்து நடந்து வந்தா. விசிறி இல்ல, வேஷம் இல்ல, தன் சொந்தத் துணியில. "பயமா இருக்குன்னு சொல்ல வந்தீங்க"ன்னா. மகாராணி கேமராவைப் பார்த்து, "ஆமா. அதான்"னாங்க.

அந்த நெஞ்சுச் சத்தத்தை எடிட்டர் சார் சுத்தம் பண்ணப் பார்ப்பார். எடுக்க வேண்டாம்னு சொல்லு. அவங்ககிட்ட கேட்டுட்டேன், இருக்கட்டும்னாங்க.

நீ கட் சொன்னதும் நான் ஓடிப் போய் மைக்கைக் கழட்டினேன், உன் கையைப் பார்க்கல.

இதுதான் நான் உனக்குச் செய்யற கடைசிப் படம். சண்டைக்காகச் சொல்லல. உன் மேல கோபம் இருக்கு, என் மேல அதைவிட அதிகமா இருக்கு, ரெண்டையும் ஒரே வண்டியில ஏத்திக்கிட்டு உன்கூட ஊர் ஊராச் சுத்த முடியாது.

காது


நவம்பர் 6

தம்பி,

திரையிடலுக்கு நீ வரல. வரமாட்டேன்னு தெரியும், ஆனாலும் வாசல்ல நின்னேன்.

மூடின கதவு படத்துல இல்ல. எடுத்துட்டேன். நல்ல மனசோட எடுத்தேன்னு நினைச்சுக்காதே, பல்லைக் கடிச்சுக்கிட்டுத்தான் எடுத்தேன். எடிட்டர் மூணு நாள் என்னோட முகம் கொடுத்துப் பேசல. அந்த ஷாட் இருந்திருந்தா இது இன்னும் பெரிய படம், இன்னைக்கும் அப்படித்தான் நினைக்கறேன். நீ ஜெயிச்சுட்டேன்னு வீட்ல உட்கார்ந்து சந்தோஷப்படாதே.

நீ பயந்த மாதிரியேதான் ஆச்சு. கம்பெனிக்காரர் நாடகத்தை நிறுத்தலாம்னு பார்த்தார். அப்புறம் யோசிச்சு மகாராணியை மட்டும் நிறுத்தினார். நாடகம் நடக்குது. வேஷம் யாருக்குத் தெரியுமா? தோழிக்கு. அத்தனை வரியும் தெரிஞ்சவ அவ ஒருத்திதானாம். அவளும் சரின்னுட்டா. "இருபது வருஷமா இந்த வரிகளை வாய்க்குள்ளயே சொல்லிட்டேன். ஒரு தடவை சத்தமாச் சொல்லிப் பார்க்கறேனே"ன்னாளாம்.

மகாராணி அவளை வீட்டை விட்டு அனுப்பிட்டாங்க. நான் பார்க்கப் போனேன். கதவைத் திறந்து, "கேமரா எங்க?"ன்னாங்க. கொண்டுவரலன்னேன். "அப்போ எதுக்கு வந்தே?"ன்னுட்டு உள்ள போனாங்க, ஆனா கதவைச் சாத்தல. ஒரு மணி நேரம் தோழியைத் திட்டினாங்க, கேட்டுக்கிட்டிருந்தேன். கேமரா வேணும்னு கை பரபரன்னு வந்தது. என்ன பண்றது, தொழில் அப்படி.

அடுத்த படம் ஆரம்பிச்சாச்சு. ஒரு கட்டடக்கலைஞர். உன் இடத்துல வந்திருக்கிறவர் உன் வயசுக்காரர், வேலை தெரிஞ்சவர். ஷாட் எப்படின்னு கேட்டா, "சூப்பர் மேடம்." வெக்கலாமா எடுக்கலாமான்னு கேட்டா, "உங்க இஷ்டம் மேடம்." நேத்து எனக்கு ஆத்திரம் தாங்கல. எல்லார் முன்னாலயும், "ஏதாவது ஒண்ணாவது நல்லா இல்லன்னு சொல்லுங்களேன்!"னு கத்திட்டேன். மனுஷர் பயந்துபோய், ரொம்ப நேரம் யோசிச்சுட்டு, "காபி மேடம்"னார். "காலையில கொடுத்த காபி நல்லா இல்ல."

அதைப் போட்டது நான்.

அக்கா